நடிகருக்கு வேண்டிய மகன்

சவர்க்காரப் பெட்டிகளின் மேல் கைபேசியைச் சாய்த்து வைத்துவிட்டு, ஈரக்கையால் நடிகர் தலைமயிரை ஒதுக்கிக்கொண்ட அந்த மதியத்தை நினைத்தால் இன்றும் எனக்குக் களைப்பாக இருக்கிறது. ஸ்காபரோவில் கடைகள் நிறைந்த ஒரு மோலில் நாங்கள் பகல்நேரத் துப்புரவு வேலை செய்தோம். அவர் போர்த்துக்கல்காரர். முப்பது வருடம் அங்கே சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் நடித்துவிட்டு, மகளோடு இருக்க ரொறன்ரோ வந்தவர். எல்லோருக்கும் அவர் நடிகர்தான்.

எங்களோடு வேலை செய்த தமிழ் அக்கா ஒருவர் மட்டும் நம்பவில்லை. "உவர் நடிகரெண்டால் என்னோடை ஏன் கக்கூஸ் கழுவுறார்?" என்று அவர் முன்னாலேயே தமிழில் கேட்பா. என்ன சொல்கிறா என்று அவர் என்னைப் பார்ப்பார். உங்களைப் புகழ்கிறா என்பேன். உடனே அக்காவுக்குக் குனிந்து வணக்கம் வைப்பார்.

இளமையில் அவர் காதலனாக நடித்த இரண்டு படங்கள் நன்றாக ஓடினவாம். பிறகு பொலிஸ் அதிகாரி, பாதிரியார். தொலைக்காட்சித் தொடர்களில் கதாநாயகியின் தகப்பன். தொடர் நீள நீள நோயாளி. கடைசித் தொடரில் மூன்று நாள் சவப்பெட்டிக்குள் கிடத்தினார்கள். அதற்குப் பிறகு எவரும் கூப்பிடவில்லை. பிணத்துக்கு வசனம் இல்லாவிட்டாலும் மூச்சடக்கத் தெரியவேண்டும் என்று சிரிப்பார்.

அப்படியிருக்க, லிஸ்பனிலிருந்து ஒரு இயக்குநர் அவரை நடிக்கக் கேட்டிருந்தார். இருபது வருடத்துக்குப் பின் மகனைச் சந்திக்கும் தகப்பன். படம் முழுக்க வரும் வேடம். ஒரு காட்சியை நடித்து அன்றைக்கே அனுப்பவேண்டும். எங்களுக்கு இருந்தது சாப்பாட்டு நேர அரைமணிதான். நீ மகனாக எதிரே நில், மகனின் குரலை வெட்டிவிடலாம், உன் மொழியிலேயே பேசு, என் கண்ணைப் பார்த்துக் கோபமாகப் பேசினால் போதும் என்று நடிகர் என்னிடம் சொன்னார்.

நான் கைபேசிக்குப் பக்கத்தில் நின்று, "ஏன் இப்ப வந்தனீங்கள், அப்பா?" என்றேன். சொன்னதுமே கண் தரைக்குப் போய்விட்டது. என் அப்பாவோடு பேசிய நாளெல்லாம் நான் பார்த்தது அவருடைய பாதங்களைத்தான். அப்பா என்ற சொல் வந்தால் தலை தானாகக் குனியும். நான்கு தரம் எடுத்தோம். நான்கு தரமும் என் கண்ணைத் தேடி அவருடைய பார்வையும் கீழே இறங்கியது. நேரம் முடிந்ததால் கடைசியாக எடுத்ததை அனுப்பினார்.

இரண்டு கிழமையில் பதில் வந்தது. தகப்பனின் பார்வை மகனின் முகத்தில் நிற்கவில்லை, வேறொருவரை எடுத்துவிட்டோம் என்று எழுதியிருந்தார்கள். அவரே எனக்கு வாசித்துச் சொன்னார். மன்னிப்புக் கேட்க நினைத்தேன், வாய் வரவில்லை. "நீ உன் அப்பாவுக்கு நல்ல மகன். எனக்குத்தான் ஒரு கெட்ட மகன் தேவைப்பட்டான்," என்றார்.

சில மாதங்களில் சின்ன வேடம் ஒன்றுக்கு மறுபடி கேட்டார்கள். மனைவியிடம் ஏச்சு வாங்கும் கிழவன். இந்தமுறை அவர் நேரே அக்காவிடம் போனார். வழுக்கும் என்று எழுதிய மஞ்சள் பலகையோடு நான் கக்கூசுக்கு வெளியே நின்று, ஆட்கள் வராமல் பார்த்துக்கொண்டேன். உள்ளே அக்கா வெளுத்து வாங்கினா: "இவ்வளவு காலமும் எங்கையப்பா போய்க் கிடந்தனீங்கள்? என்ரை முகத்தைப் பாருங்கோ."

ஒரே தரத்தில் முடிந்தது. அந்த வேடம் கிடைத்து அவர் லிஸ்பன் போனார், திரும்பி வரவில்லை.

போன கிழமை இதை என் மகளுக்குச் சொன்னேன். அவள் என் முகத்தை நேரே பார்த்து, "அவரின்ரை நம்பர் இருக்குத்தானே. ஏனப்பா இன்னும் போன் எடுத்து மன்னிப்புக் கேக்கேல்லை?" என்று கேட்டாள். அப்போதும் கண்ணைத் தாழ்த்தியவன் நான்தான்.