அறுபது இலக்கங்கள்

இலங்கை மலையகத்தில், அக்கரப்பத்தனைத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்துத் தராசருகே நின்று எடை எழுதுவது என் வேலை. நான் எடையைச் சொல்வேன். கொழுந்து எடுத்தவர் அதைத் திருப்பிச் சொல்வார். அதன் பிறகே எழுதுவேன். வீட்டிலும் எழுதுவேன். மழை தொடங்கிய நாள், தொழிலாளர் லயத்தில் பிள்ளை பிறந்த நாள், பஸ் வராத நாள் எல்லாம் என் டயரியில் தேதியோடு உண்டு.

மனைவி குவைத்துக்கு வீட்டுவேலைக்குப் போன பிறகு, ஒரு வெள்ளிக்கிழமை போனில் எங்கள் செய்திகளுக்கு நடுவே சின்ன எழுத்தில் ஓர் அறிவிப்பு வந்தது: அவளுடைய பாதுகாப்புக் குறியீடு மாறிவிட்டதாம். தேடிப் படித்தேன். ஒரு போனில் பூட்டி அனுப்பும் செய்தியை மற்றப் போனில் இருக்கும் சாவி மட்டுமே திறக்கும். நடுவில் எவராலும் வாசிக்க முடியாது. போன் மாறினால் சாவியும் மாறும். ஆக, அவள் கையில் புதுப் போன். அதை எனக்குச் சொல்லவில்லை.

அவள் வேலை செய்யும் வீட்டு டிரைவர் எங்கள் மலையகத்துக் கந்தப்பளைக்காரர். "நம்ம ஊருப் பேச்சக் கேட்டாலே மனசு லேசாகுதுங்க" என்று அவள் ஒருநாள் சொன்னதும் என் டயரியில் இருந்தது. அந்தப் பக்கத்தையும் இந்த வெள்ளிக்கிழமையையும் மாறி மாறிப் புரட்டினேன். அந்த மனிதருக்கு மீசை உண்டா என்றுகூட எனக்குத் தெரியாது. ஆனாலும் என் மனதில் அவர் உயரமாக, நன்றாகச் சிரிப்பவராக இருந்தார்.

நேரே கேட்க வெட்கம். அவளை அழைத்து, அந்தக் குறியீட்டுக்கு இரண்டு போன்களிலும் ஒரே அறுபது இலக்கங்கள் தெரிய வேண்டும், சரிபார்த்துவிடுவோம் என்றேன். அவள் ஐந்து ஐந்தாக வாசித்தாள். நான் திருப்பிச் சொல்லி எழுதினேன்.

"என்னங்க, கொழுந்தா நிறுக்குறீங்க? ஈரத்துக்குன்னு எடையில எவ்வளவு கழிக்கப் போறீங்க?"

"வெளையாடாம வாசி புள்ள."

அறுபதும் ஒத்துப்போயின. எங்கள் செய்திகளை நடுவில் யாரும் வாசிக்கவில்லை. இலக்கங்கள் சொல்லக்கூடியது அவ்வளவுதான். என் கேள்வி அப்படியே கிடந்தது.

"புதுப் போன் யாரு வாங்கிக் குடுத்தா?"



"பழசு வாளித் தண்ணியில விழுந்திருச்சு. என் சம்பளத்துலதான், டிரைவர் அண்ணன் கடைக்குப் போயி வாங்கியாந்தாரு. இதுக்கா அம்புட்டு நம்பரையும் வாசிக்க வச்சீங்க?"

"சொல்லியிருக்கலாமே."

"உங்க பக்கமும்தான் மாறுச்சு. தைப்பொங்கலுக்கு மறுநாள். எனக்கும் இதே அறிவிப்பு வந்துச்சு. நான் கேட்டனா?"

டயரியில் அந்த நாளைத் தேடினேன். கடும் பனி என்றும் காலை பஸ் பிந்தியது என்றும் எழுதியிருந்தேன். ஹட்டன் டவுனுக்குப் போய் நான் போன் மாற்றியது அதில் இல்லை. அவளிடமும் சொல்லவில்லை.

"இருக்கீங்களா?"

"இருக்கேன்."

"அப்ப சொல்லுங்க. யாரோட போய் வாங்குனீங்க?"

"தனியாத்தான் புள்ள."

அது உண்மைதான். அதற்குச் சாட்சி சொல்ல என் டயரியில் ஒரு வரிகூட இல்லை.