உயிரோடிருந்தவளின் படத்துக்கு மாலை

எழுபதுகளின் கடைசியில், திருச்சியில் பி.ஏ. முடித்துவிட்டு வேலை கிடைக்காமல் பெரம்பலூரைச் சுற்றிக்கொண்டிருந்த எனக்கு, ஓவியக் கண்காட்சி நடத்தும் வெறி பிடித்தது. ஓவியர் யாரென்றால், சினிமாவில் வரிசையாகப் பெண்களைக் கெடுத்துக்கொண்டிருந்த வில்லன். அந்தச் சிரிப்பை ஒருமுறை கேட்டவர்கள் மறக்க மாட்டார்கள். அதையெல்லாம் உதறிவிட்டு, சிறுவாச்சூரில் ஓர் ஓட்டு வீட்டில் தாடி வளர்த்துக்கொண்டு படம் வரைந்துகொண்டிருந்தார்.

அவருக்கு ஒரே ஆசைதான். "ஒருத்தராச்சும் என் மூஞ்சிய வுட்டுட்டுப் படத்தப் பாக்கணும் தம்பி. அப்பத்தான் அந்தாள வுட்டு நான் வெளிய வந்துட்டேன்னு நம்புவேன்."

அப்படி ஒருத்தி கிடைத்திருந்தாள். ரெட்டிபாளையத்தில் சுண்ணாம்புக்கல் உடைப்பவள். சாப்பாட்டு நேரத்தில் வேப்பமரத்தடியில் அவர் முன்னால் உட்கார்ந்து கொடுத்தாள். தாடிக்குள் இருப்பது யாரென்று அவளுக்குத் தெரியாது. "படம் போடுற ஐயா" என்றுதான் சொல்வாள். புருவத்திலும் இமையிலும் வெள்ளைத் தூசி படிந்த அவள் முகம்தான் அவர் வரைந்ததிலேயே சிறந்தது. கண்காட்சிக்கு அவசியம் வரச் சொல்லியிருந்தார்.

கல்யாண மண்டபம் ஒன்றைப் பிடித்தேன். அலங்காரத்தை உள்ளூர் ரசிகர் மன்றச் செயலாளர் ஏற்றுக்கொண்டார். கண்காட்சியன்று காலையில் போய்ப் பார்த்தேன். சட்டம் போட்ட முகம் சுவரில் தொங்கினால் இந்த ஊருக்கு ஒரே அர்த்தம்தான். எல்லா முகங்களுக்கும் சம்பங்கி மாலை. சரியாகக் காயாத எண்ணெய் வர்ணத்தின் மேலேயே சந்தனம், குங்குமம். கீழே வாழைப்பழத்தில் குத்திய ஊதுபத்தி வேறு.

"இவங்கல்லாம் உசுரோட இருக்கறவங்கய்யா" என்றேன்.

"இருக்கட்டுமே. மொட்டையா மாட்டுனா நல்லாவா இருக்கும்? படிச்சவரு நீங்க, உங்களுக்கு இந்த மரியாதையெல்லாம் புரியாது" என்றார் செயலாளர்.

கழற்ற விடாமல் கூட்டம் உள்ளே நெருக்கியது. 'வில்லன் நேரில் தோன்றுகிறார்' என்று செயலாளர் நோட்டீஸ் அடித்து ஊரெல்லாம் விட்டிருந்தார். படத்தை எவன் பார்த்தான்? வெற்றிலை போட்ட ஒருவன், விரலில் மிஞ்சிய சுண்ணாம்பை ஒரு படத்தின் ஓரத்தில் சாவகாசமாகத் தேய்த்தான். "ஒரு தடவ சிரிங்க சார்" என்ற குரல் ஓயவே இல்லை. ஓவியர் மேடையில் தலை குனிந்து உட்கார்ந்திருந்தார்.

அப்போதுதான் அவள் வந்தாள். தலைவாரிப் பூ வைத்து, நல்ல சேலை கட்டி, மகளையும் கையில் பிடித்துக்கொண்டு. தன் படத்தின் முன்னால் நின்றவள் மெதுவாகக் கேட்டாள்: "நான் எப்பங்க செத்தேன்?"

மண்டபமே சிரித்தது.

"டேய், பொணம் நடந்து வருது, வழி வுடுங்கடா."

"கருமாதிக்கு நீயே வந்துட்டியா ஆத்தா? சாப்பாடு பின்பக்கம்."

சுற்றி வளைத்துக்கொண்டார்கள். மகள் அழ ஆரம்பித்தாள். நான் கத்தியதை யாரும் சட்டை செய்யவில்லை. ஓவியர் மேடையிலிருந்து இறங்கி வந்து அவள் படத்தின் மாலையை எடுத்தார்; சட்டைக் கையால் குங்குமத்தைத் துடைத்தார். அது படத்தின் நெற்றி முழுக்க ஈஷிக்கொண்டது. கூட்டம் அவளை விடுவதாக இல்லை. ஒரு கணம் அவளைப் பார்த்தார். பிறகு மாலையைக் கையில் பிடித்தபடியே நாற்காலி மேல் ஏறி, அந்தச் சிரிப்பைச் சிரித்தார்.

விசில் பறந்தது. அவளை விட்டுவிட்டு அத்தனை பேரும் அவர் பக்கம் திரும்பினார்கள். அவளும் திரும்பினாள். டென்ட் கொட்டகையில் அவளும் அதைக் கேட்டிருக்கிறாள். முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு மகளை முதுகுக்குப் பின்னால் தள்ளினாள்.

"அந்தாளா நீங்க?"

"அது நடிப்பும்மா. பழைய பொழப்பு" என்றபடி இறங்கினார்.

"ஒத்தையில உங்க முன்னாடி உக்காந்திருந்தேனே" என்றாள். "எம்மூஞ்சி உங்ககிட்ட இருக்க வேணாங்க. குடுத்துருங்க."

அவரே ஆணியிலிருந்து கழற்றிக் கொடுத்தார். முகம் தெரியாமல் மார்போடு அணைத்துக்கொண்டு, அரியலூர் பஸ்ஸுக்கு வேகமாக நடந்தாள்.

"இன்னொரு தடவ சார்" என்றது கூட்டம். வெறும் ஆணிக்குக் கீழே நின்றிருந்தவர் கையிலிருந்து அந்த மாலையைச் செயலாளர் வாங்கினார். பூ வீணாகக் கூடாதென்று ஓவியர் கழுத்திலேயே போட்டுவிட்டார். எல்லோரும் கை தட்டினார்கள். அவர் அதைக் கழற்றவில்லை.