படித்துப் பார்த்துப் போட்ட கையெழுத்து

என் வீட்டுக்காரருக்கு ஊர் வைத்த பெயர் சாட்சி. பத்திர ஆபீஸ் வாசலில் முப்பது வருடமாக அவர் பார்த்தது ஒரே வேலை. வீடோ நிலமோ எழுதிக்கொடுக்க வருபவர்களுக்குச் சாட்சி கிடைக்காவிட்டால் இவர் கையெழுத்துப் போடுவார். பத்திரம் எழுதுபவர் கடைசிப் பக்கத்தை மட்டும் திருப்பி நீட்டுவார். இவர் யாரிடமோ பேசிக்கொண்டே போட்டுவிட்டு அடுத்ததை வாங்குவார். படிக்கிற வழக்கமே கிடையாது. "கல்யாணப் பத்திரிகையைக்கூடப் படிக்காத மனுஷன்" என்று நான் சொன்னால் சிரிப்பார். அந்தச் சிரிப்பைக் கண்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

எப்போதாவது அந்தப் பத்திரங்களில் ஒன்று கோர்ட்டுக்குப் போகும். அப்போது கூண்டில் ஏறி, "முழுசாப் படிச்சுப் பார்த்துதான் போட்டேன்" என்பார். அப்படிச் சொல்லாவிட்டால் மறுநாள் எவன் கூப்பிடுவான்?

இதெல்லாம் அவருடைய அண்ணனுக்குத் தெரியாதா என்ன? நாங்கள் இருந்தது அவர்கள் அப்பா விட்டுப்போன வீடு. பாகம் பிரிக்கவில்லை. கீழே நாங்கள், மாடியில் அண்ணன். அந்த மகராசன் முழு வீட்டையும் தன் மகளுக்குத் தானமாக எழுதினார். ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே! எழுதிய பத்திரத்தை வேறு ஆறு பத்திரங்களுக்கு நடுவில் செருகும்படி பத்திரம் எழுதுபவரிடம் சொன்னார். தம்பி ஏழிலும் கையெழுத்துப் போட்டுவிட்டு டீ குடிக்கப் போனார். கீழ் வீட்டைக் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் வந்த பிறகுதான் எங்களுக்கு விஷயமே தெரிந்தது.

கேஸ் போட்டோம். எங்கள் வக்கீலம்மா விவரமானவர்.

"பிரிக்காத சொத்தை ஒருத்தர் மட்டும் தானமாக் கொடுத்தாச் செல்லாது. ஆனா 'தம்பியின் முழுச் சம்மதத்துடன்'னு உள்ள எழுதியிருக்கு, கீழ உங்க கையெழுத்து இருக்கு. படிக்காமப் போட்டேன்னு கூண்டுல சொல்லிடுங்க. மத்ததை நான் பாத்துக்கறேன்."

ஒரு வாரம் அவரை விடவில்லை. சோறு போடும்போதும் கேட்டேன், சட்டை தேய்க்கும்போதும் கேட்டேன்.

"சொல்லுங்க."

"படிக்காமப் போட்டேன்."

"இன்னொரு தடவை."

கோர்ட்டில் அண்ணன் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். கதவருகே பத்திரம் எழுதுபவர், அவருக்குப் பின்னால் ஆபீஸ் வாசல் ஆட்கள் நாலைந்து பேர். அண்ணனின் வக்கீல் ஒரு பழைய தாளை எடுத்தார்.

"போன வருஷம் இதே கூண்டுல, படிக்காம ஒரு கையெழுத்துகூடப் போட்டதில்லைன்னு சத்தியம் பண்ணிச் சொல்லியிருக்கீங்க. அது பொய்யா?"

இவர் கதவுப் பக்கம் பார்த்தார். என்னைப் பார்க்கவில்லை.

"பொய் இல்லீங்க. எல்லாமே படிச்சுப் பார்த்துதான் போட்டேன்."

"இந்தத் தானப் பத்திரமும்?"

"இதுவுந்தான்."

குரல் துளிகூடத் தடுமாறவில்லை. வக்கீலம்மா பேனாவை மூடிவைத்தார். எனக்கு அங்கேயே அவரைக் கூண்டிலிருந்து இழுத்துப்போட வேண்டும் போலிருந்தது.

வீட்டுக்கு வந்து கேட்டேன். "பொய்ச்சாட்சின்னு பேராயிட்டா நாளைக்கு அந்த வாசல்ல எப்படி நிப்பேன்?" என்றார்.

"நிக்கறதுக்கு வாசல் இருக்கு. படுக்கறதுக்கு?"

அவர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். நானும் அதற்குமேல் அவரோடு பேசவில்லை.

தீர்ப்பு வந்து, அப்பீலும் தோற்று, கோர்ட் அமீனா ஒரு காலையில் வந்தார். பாத்திரம், கட்டில், தையல் மெஷின் எல்லாம் தெருவுக்கு வந்தன. மாடியிலிருந்து அண்ணன் மகள் எட்டிப் பார்த்துவிட்டு ஜன்னலைச் சாத்தினாள். அமீனா கதவைப் பூட்டி, வீட்டை ஒப்படைத்ததாகத் தாளில் எழுதினார்.

"சாட்சிக் கையெழுத்துக்கு ரெண்டு பேர் வாங்க" என்று தெருவைப் பார்த்துக் கூப்பிட்டார். ஒருவரும் வரவில்லை. அக்கம்பக்கத்தில் ஒவ்வொரு கதவாக மூடிக்கொண்டது.

கட்டிலில் உட்கார்ந்திருந்த இவர் எழுந்தார். கை தானாகச் சட்டைப்பைக்குப் போனது.

பேனா அங்கே இல்லை. அதைக் காலையிலேயே உடைத்து அடுப்பில் போட்டிருந்தேன்.