அசுபாளும் ஓணான் விழுந்த அடுப்பும்

திம்னாள் கல்யாணமாகி வந்த புதிதில் ஒரு காலை, அவள் சுட்ட அப்பங்களில் பாதி கருகிப்போயின. நாலு வீட்டுக்கும் பொதுவான அடுப்பு அது. முற்றத்தின் நடுவே, வயிறு பெருத்த குடம் போல மண்ணால் கட்டியது. உட்சுவரில் மாவைத் தட்டி ஒட்டவைத்து, வெந்ததும் உரித்தெடுக்க வேண்டும். திம்னாள் தெக்கோவா பக்கத்து ஆட்டுக்காரன் மகள். கூடாரத்தில் சூடான கல்லின்மேல் அடை சுட்டுப் பழகியவளுக்கு இந்த அடுப்பின் சூடு பிடிபடவில்லை. மாமியார் மாக்காள் கூடையைப் பார்க்க வந்துகொண்டிருந்தாள். பக்கத்து வீட்டு அசுபாள் கருகினதை எல்லாம் தன் கூடைக்கு அள்ளிக்கொண்டாள். தன்னுடைய நல்ல அப்பங்களைத் திம்னாளின் கூடையில் அடுக்கித் துணியால் மூடினாள். மாமியார் துணியைத் தூக்கிப் பார்த்துவிட்டு, “பரவாயில்லையே” என்று போய்விட்டாள். அசுபாள் அன்று முழுக்கக் கருகலைத்தான் தின்றிருக்க வேண்டும். அதைப் பற்றி அவள் ஒரு நாளும் வாய் திறந்ததில்லை.

அசுபாள் பென்யமீன் நாட்டிலிருந்து இந்த எப்பிராயீம் மலைக்கு வாழ வந்தவள். பெலிஸ்தரோடு சண்டைக்குப் போன புருஷன் திரும்பவில்லை. பிள்ளையும் இல்லை. கொழுந்தன் அவள் பங்கு நிலத்தையும் சேர்த்து உழுது, அறுப்பில் வாற்கோதுமையும் கோதுமையும் கொண்டுவந்து போடுவான். இரண்டு வெள்ளாடு, ஓர் அத்திமரம், ஒரு திரிகைக் கல். அவளுடைய சொத்து அவ்வளவுதான்.

சாப்பாட்டில் அவளுக்குத் தனி ருசி உண்டு. அப்பத்தைக் காடியில் தோய்த்து, பச்சை வெங்காயத்தைக் கடித்துக்கொண்டு தின்பாள். பயற்றங்கூழில் சீரகம் கூடுதலாகப் போடுவாள். வெட்டுக்கிளி வந்து பயிரை மொட்டையடித்த வருஷம் ஊரே தலையில் கைவைத்து அழுதது. அவளும் அழுதாள். அழுதபடியே ஒரு கூடை பிடித்துவந்து, காலும் சிறகும் கிள்ளி, உப்புப் போட்டு வறுத்தாள். “நம்மத எல்லாம் தின்னுச்சே, இப்ப அதை நாம திங்கலாம். கர்த்தர் இதை வேண்டாம்னு சொல்லலையே” என்றாள். மாவு பிசையும்போதெல்லாம் முதல் உருண்டையைக் கிள்ளிக் கர்த்தருக்கென்று தனியே வைப்பாள். பஞ்ச காலத்தில் அந்த உருண்டை சிறுத்ததே தவிர, இல்லாமல் போனதில்லை.

திம்னாளுக்குப் பையன் பிறந்தான். யாமின் என்று பெயர் வைத்தார்கள். அவன் நன்றாக ஓடியாடித் திரியத் தொடங்கிய பிறகு பால் மறக்கப் பண்ணி, அதற்கு விருந்து வைத்தார்கள். அந்த விருந்தில் சொந்தக்காரர் எல்லார் முன்னாலும், இனி மாவுத்தொட்டியும் தானியக் குழியும் மருமகள் கையில் என்று மாக்காள் சொல்வதாக இருந்தது. அதுவரை ஒரு படி மாவு வேண்டுமென்றாலும் திம்னாள் மாமியார் முகத்தைப் பார்த்துத்தான் நிற்க வேண்டும். அந்த ஒரு வார்த்தைக்காக அவள் வந்த நாள் முதல் காத்திருந்தாள்.

விருந்துக்கு வந்தவர்களில் பெரியவர் ஏலோன். மாமனாரின் அண்ணன், குடும்பத்துக்குத் தலைக்கட்டு. நேர்ந்துகொண்ட பொருத்தனையைச் செலுத்த ஒரு வெள்ளாட்டுக் கிடாவைக் கையோடு ஓட்டி வந்திருந்தார். விருந்து முடிந்ததும் நேரே கர்த்தருடைய கூடாரம் இருக்கும் சீலோவுக்கு நடந்து, அதைக் கர்த்தருக்குப் பலியிட்டு, அந்தக் கறியை அவர் சந்நிதியில் உட்கார்ந்து தின்ன வேண்டும். ஆட்டுக்காரன் வீட்டில் பெண் எடுக்காதே என்று அன்று தடுத்தவரும் அவர்தான்.

காலையில் திம்னாள் அப்பம் சுட்டாள். ஒன்றுகூடக் கருகவில்லை. வாசனைக்கு ஏலோன் தானாகவே வந்து, சூட்டோடு எடுத்து ஒலிவ எண்ணெயில் தோய்த்துத் தின்னத் தொடங்கினார்.

“யார் சுட்டது?” என்றார்.

“நாந்தான் பெரியமாமா.”

“ம். திங்கலாம்.”

அவர் வாயிலிருந்து அதற்குமேல் ஒரு நல்ல வார்த்தை வராது என்று எல்லாருக்கும் தெரியும். திம்னாளுக்குக் கால் தரையில் பாவவில்லை. இன்னும் இரண்டு அப்பத்தை எடுத்துக்கொண்டு அவர் கிடாவின் பக்கம் போய் உட்கார்ந்தார். மற்றவர்கள் இன்னும் கை கழுவக்கூட இல்லை.

ஒத்தாசைக்கு வந்த அசுபாள் அடுப்பின் அடியில் சாம்பலை வாரிக்கொண்டிருந்தாள். அவள் கை நின்றது.

“என்னக்கா?”

அசுபாள் சாம்பல் வாரும் பலகையை வெளியே இழுத்தாள். அதன்மேல் ஓர் ஓணான் கிடந்தது. உடம்பு கரிந்து, வால் மட்டும் முழுசாக இருந்தது.

திம்னாள் அடுப்போரம் கிடந்த கல்மூடியைப் பார்த்தாள். இரவில் அடுப்பு வாயைக் கல்மூடியால் மூடுவது நாலு வீட்டுக்கும் முறை. நேற்று அவள் முறை. பால் கேட்டு யாமின் அலறிய அலறலில் மறந்துபோனாள். ஓணான் கதகதப்புக்கு உள்ளே இறங்கியிருக்கிறது. செத்த ஓணான் கிடந்த மண் அடுப்பு தீட்டு; அதில் வெந்ததும் தீட்டு. அடுப்பைக் கழுவ முடியாது, உடைக்கத்தான் வேண்டும். இது எந்தக் குழந்தைக்கும் தெரியும்.

“அக்கா, யாரும் பாக்கல” என்றாள் திம்னாள், மெதுவாக.

“ம்.”

“சாம்பலோட சேத்துக் கொட்டிட்டா...”

அசுபாள் சரி என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. பலகையைப் பிடித்தபடி நின்றாள். “உன் வீட்டு விருந்து, திம்னா” என்றாள். அவ்வளவுதான்.

திம்னாள் கூடையைப் பார்த்தாள். மாமியார் கையிலிருந்த மாவுத்தொட்டியைப் பார்த்தாள். பிறகு, மென்றுகொண்டே கிடாவின் கழுத்தைத் தடவிக்கொண்டிருந்த பெரியவரைப் பார்த்தாள். இந்த வாயோடு அவர் சாயங்காலம் கர்த்தருடைய சந்நிதியில் பரிசுத்தமான கறியைத் தின்னப் போகிறார். கூப்பிட்டுச் சொல்லாவிட்டால் அந்தப் பாவம் அவர் தலையில். அவருக்கு அது தெரியக்கூடத் தெரியாது.

அவள் விறுவிறுவென்று போனாள்.

“பெரியமாமா, அதைக் கீழ போடுங்க. அடுப்புக்குள்ள ஓணான் செத்துக் கெடக்குது. அப்பம் எல்லாம் தீட்டு.”

ஏலோன் வாயில் இருந்ததைத் துப்பினார்.

“ஒண்ணு தின்னுட்டேனே!” என்றார்.

“மூணு” என்றாள் அசுபாள், அடுப்பண்டையிலிருந்து. “மூணாவதுல பாதி கையில இருக்கு.”

யாரோ சிரிப்பை அடக்க முடியாமல் இருமினார்கள். பெரியவருக்கு முகம் சிவந்தது. திம்னாளின் புருஷனைப் பார்த்துக் கத்தினார். “தலைபாடா அடிச்சுக்கிட்டேனேடா அப்தோன்! ஆட்டுக்காரன் மக கூடாரத்துல வளந்தவ. கதவும் தெரியாது, மூடியும் தெரியாது. கேட்டியா?”

திம்னாள் தலை கவிழ்ந்து நின்றாள். அசுபாள் பலகையோடு வந்தாள்.

“மூடற முறை அவளோடதுதான், பெரியவரே. ஆனா நேத்து தண்ணி எடுத்துக்கிட்டு நான் அந்த வழியாத்தான் வந்தேன். தெறந்து கெடந்ததப் பாத்தேன். அவ வந்து மூடுவா, நாம எதுக்குக் குனியணும்னு போயிட்டேன். முழங்கால் வலி ஒரு சாக்கு. ஏசறதா இருந்தா ரெண்டா பங்கு வச்சு ஏசுங்க.”

“இன்னைக்கு நான் சீலோவுக்குப் போகணுமே!”

“பொழுது சாஞ்சாத்தான் தீட்டு போகும், அதுவரைக்கும் எங்க போறீங்க? துணியத் தோச்சுப் போட்டுட்டு உக்காருங்க. நாளைக்கு சுத்தமாப் போகலாம்.”

“மாத்துத் துணி கொண்டாரலையே!”

“அப்தோன் அங்கி இருக்கு. உங்க வயித்தச் சுத்தி வருமான்னுதான் தெரியல.”

இந்தத் தடவை மாக்காளே சிரித்துவிட்டாள்.

அடுப்பை அசுபாளே உடைத்தாள். இரண்டு கையாலும் கல்லைத் தூக்கிப் போட்டாள். மண் சுவர் ஒரே அடியில் உள்ளே விழுந்தது. அந்த வருஷம்தான் அதற்குப் புதுப்பூச்சு போட்டிருந்த அடுத்த வீட்டுக்காரி, ஆள் செத்ததுபோல அழுதாள். உடைந்த ஓடுகளையும் அப்பத்தையும் ஊருக்கு வெளியே கொண்டுபோய்க் கொட்டினார்கள். ஓணானை வாரினவள் என்பதால், பொழுது சாயும்வரை அசுபாள் மாவில் கைவைக்காமல் தள்ளி உட்கார்ந்து, வாயால் மட்டும் வேலை வாங்கினாள்.

ஜாடியில் இருந்த மாவு சுத்தம்தான். மாமியார் தொட்டியைத் தருவாளா என்று பாராமல் திம்னாள் அதை ஆட்டுத்தோலின்மேல் கொட்டிப் பிசைந்தாள். ஓடைக் கற்களைப் பொறுக்கி வந்து, சூரைச்செடி விறகை எரித்துக் கல்லைக் காயவைத்து, தன் தாய்வீட்டு முறையில் அதன்மேல் தழல் மூடி அடை சுட்டாள். விருந்து காலையில் நடக்க வேண்டியது, சூரியன் இறங்கின பிறகு நடந்தது. பயற்றங்கூழும் தயிரும் கறியும் இருந்தன. ஏலோன், முழங்கால் தெரிகிற அப்தோனின் அங்கியில், அடையைத் தட்டிச் சாம்பலை ஊதித் தின்றார்.

“பல்லுல மண்ணு நறநறங்குது” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “ஆனா பயப்படாமத் திங்கலாம்” என்று சொல்லி, இன்னொன்றுக்குக் கை நீட்டினார்.

மாக்காள் அன்று அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. அடுத்த அறுப்பு முடிந்து ஒரு நாள், மாவுத்தொட்டியைத் தூக்கிவந்து திம்னாளின் காலடியில் வைத்துவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போனாள். புது அடுப்பை நாலு வீட்டுப் பெண்களுமாக வைக்கோல் நறுக்கிப் போட்ட மண்ணில் கட்டினார்கள். எந்தத் தயக்கம் வந்தாலும் திம்னாள், அன்று பலகையைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நின்ற அசுபாளை நினைத்துக்கொள்வாள். அந்தப் பெண்பிள்ளைக்குப் பயம் என்பதே கிடையாது என்று ஊரில் எல்லாரிடமும் சொல்லியிருக்கிறாள்.

பிற்காலத்தில் மழை தொடர்ந்து பொய்த்தது. யோர்தானுக்கு அக்கரையில் யாபேசில் இருந்த அசுபாளின் தங்கை மகன், பெரியம்மாவைத் தன்னோடு கூட்டிப்போகக் கழுதையோடு வந்தான். அசுபாளுக்கு அப்போது நடை தளர்ந்துவிட்டது. இனித் திரும்பிவர மாட்டாள் என்று அவளுக்கும் திம்னாளுக்கும் தெரியும். ஊர் வாசல்வரை திம்னாள் கூடப் போனாள். வழிக்கு வறுத்த தானியமும் ஓர் அத்தி அடையும் கட்டிக் கொடுத்தாள்.

கழுதைமேல் ஏறி உட்கார்ந்த பிறகு அசுபாள் குனிந்து அவள் தலையில் கைவைத்தாள்.

“ஊரெல்லாம் என்னப் பத்தி ஒண்ணு சொல்லிக்கிட்டுத் திரியறியாமே. அப்படி இல்லடி. அன்னைக்கு உன் மூஞ்சியப் பாத்தேன், எனக்கு வெளிய சொல்ல மனசு வரல. நீ பேசாம இருந்திருந்தா நானும் பேசாமத்தான் இருந்திருப்பேன். ஓணான சாம்பலோட கொட்டிட்டு, நானும் உக்காந்து தின்னிருப்பேன். நீ எழுந்து போனதாலதான் நான் பின்னால வந்தேன். கர்த்தர் உன்னயும் உன் பிள்ளையயும் நல்லா வைக்கட்டும். போ, வெயில் ஏறுது.”