கோழிப் பண்ணைக்கு ஃபயர்வால் போட்ட கதை

ஃபயர்வால் போடுகிறவன் பிழைப்பு, உட்கார்ந்திருக்கும் கிளையையே வெட்டுகிற பிழைப்பு. இணைப்பைத் திருத்தவும் அதே இணைப்பு வழியாகத்தான் போகவேண்டும். என்னைப்போல் மாட்டிக்கொண்டவர்களுக்கு இது புரியும், மற்றவர்கள் சிரித்துக்கொள்ளுங்கள்.

வாசலில் குளியல்

புதுச்சத்திரம் பக்கம் ஒரு கோழிப் பண்ணை. நாலு பக்கமும் அடைத்த கொட்டகை. சூட்டுக்குத் தக்கபடி அதன் விசிறிகளை ஓட்டுவது அங்குள்ள லினக்ஸ் சர்வர். தனிப் பெட்டி வாங்காமல், அந்தச் சர்வருக்குள்ளேயே, இணையத்திலிருந்து கண்டதும் நுழையாமல் தடுக்கும் ஃபயர்வால் ஒன்றை மென்பொருளாகப் போட என்னைக் கூப்பிட்டிருந்தார்கள்.

சூப்பர்வைசர் செல்வி அக்கா வாசலிலேயே நிறுத்திவிட்டார். வெளியாள் கிருமி கொண்டுவருவானாம். குளித்து, பண்ணை உடுப்பு மாட்டினால்தான் உள்ளே. வீட்டிலேயே குளித்துவிட்டேன் என்று சொல்லிப் பார்த்தேன்.

"அது உங்களுக்காகக் குளிச்சதுங்க தம்பி. இது கோழிக்காக."

ஒரு வரி

அன்று ஃபயர்வாலை ஏற்றிவிட்டு வந்தேன். மறுநாள் காலை, மிச்ச வேலையைச் சேலத்தில் இருந்தபடியே முடிக்க உட்கார்ந்தேன். ஃபயர்வாலுக்குப் பாதை போடும் பிரிட்ஜில் சர்வரின் நெட்வொர்க் போர்ட்டைச் சேர்த்தேன். கூடவே சர்வரின் ஐபி முகவரியையும் பிரிட்ஜுக்கு மாற்றியிருக்க வேண்டும். மறந்துவிட்டேன்.

என்டர் தட்டியதும் சர்வரோடு இருந்த இணைப்பு அறுந்து, திரை அப்படியே நின்றது. விசிறிகளுக்குப் போகும் கட்டளையும் அதே போர்ட் வழியாகத்தான். குளிர்ந்த காலையில் ஓடிய இரண்டு விசிறிகள்தான் இனி ஓடும். வெளியே சித்திரை வெயில். அக்காவுக்குப் போன் போட்டு, மறைக்காமல் சொன்னேன். அவர் திட்டவில்லை. அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

"வெயில் ஏறுதுங்க தம்பி. வெரசா வாங்க."

ஈரத் தலை

பைக்கை எப்படி ஓட்டினேன் என்று கேட்காதீர்கள். வாசலில் அக்கா துண்டும் சோப்புமாக நிற்கிறார். இன்றைக்கு மட்டும் விட்டுவிடுங்கள் என்று கெஞ்சினேன். மசியவில்லை. உள்ளே கோழிகள் சாகின்றன, நான் சோப்புப் போட்டுக்கொண்டிருக்கிறேன். அழுகையே வந்துவிட்டது.

தலைகூடத் துவட்டாமல் சர்வர் முன் உட்கார்ந்தேன். அவசரத்தில் இரண்டு தடவை தப்பாகத் தட்டினேன். மூன்றாவது தடவை முகவரி பிரிட்ஜுக்கு மாறியது, இணைப்பு வந்தது.

எத்தனை கோழி போச்சு அக்கா என்று கேட்டேன். ஒன்றுகூட இல்லையாம். என் போனை வைத்த கையோடு, சர்வர் இல்லாமலே விசிறியை ஓட்ட மின்சாரப் பலகையில் இருந்த ஸ்விட்சைத் திருப்பி எல்லா விசிறிகளையும் அவரே ஓடவிட்டிருக்கிறார். அப்பாடா என்றிருந்தது, அடுத்த நொடியே கோபம் வந்தது. இதை ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"சொல்லியிருந்தா சாயங்காலமா வந்திருப்பீங்க தம்பி."

அதற்குப் பிறகு பண்ணைச் சர்வர் எதிலும் நேரில் போகாமல் கை வைப்பதில்லை என்பதால், இந்தச் சேலம் வட்டாரத்தில் என்னைவிடச் சுத்தமான ஆள் கிடையாது.