வலப்பக்கம் நகர்ந்த விதை

வில்லியனூரில் ஒரு காயலாங்கடையில் என் கணவர் வேலை பார்த்தார். கழித்துப்போட்ட சாமான்களில் கண்ணுக்குப் பிடித்ததை எப்போதாவது வீட்டுக்குக் கொண்டுவருவார். அப்படி வந்ததுதான் அது. உள்ளங்கையில் அடங்கும் பித்தளை டப்பி, மேலே கண்ணாடி மூடி. உள்ளே எண்ணெய் மாதிரி ஏதோ. அதில் மிளகு அளவுக்கு ஒரு கறுப்பு விதை மிதந்தது. பக்கவாட்டில், கைக்கடிகாரத்துக்கு இருப்பதுபோல், சின்னத் திருகு.

அது என்ன என்று எனக்குப் புரிய ஒரு மாதம் ஆனது. நல்லது நடக்கப்போகிறதென்றால் விதை வலப்பக்கம் நகரும். கரண்ட் போவதற்கு முன்பும் பால் திரிவதற்கு முன்பும் இடப்பக்கம். ஒருநாள் மாடியில் நெல் காயப்போட்டிருந்தேன். வானம் இருட்டியது, விதை இடப்பக்கம் ஒதுங்கியது. சும்மா திருகைப் பிடித்துத் திருப்பினேன். விதை வலப்பக்கம் வந்தது. மழை எங்கள் தெருவை விட்டுவிட்டு அடுத்த தெருவில் கொட்டியது. அங்கே ஒரு வீட்டு வாசலில் நெல் நனைந்து நாசமானதைப் பார்த்தேன். பார்த்தும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

கணவரிடம் சொல்லவில்லை. டப்பியை என் கைப்பையிலேயே வைத்துக்கொண்டேன்.

அப்பா இறந்த பிறகு கரிக்கலாம்பாக்கத்து நிலத்தை எனக்கும் தங்கைக்கும் பிரிக்க வேண்டியிருந்தது. ஒரு பாதி ரோட்டை ஒட்டியது. மறுபாதி வாய்க்கால் ஓரம், பள்ளம். சண்டை வேண்டாம், மாரியம்மன் கோயிலில் திருவுளச்சீட்டு போடலாம் என்று தங்கைதான் சொன்னாள். பூசாரி இரண்டு சீட்டுகளைச் சுருட்டி அம்மன் காலடியில் போட்டார்.

“நீயே மொதல்ல எடுடி” என்றேன். என் கை பைக்குள் இருந்தது. திருகு அன்று இறுகியிருந்தது, மறுபக்கம் யாரோ பிடித்திருப்பதுபோல. பல்லைக் கடித்துக்கொண்டு திருப்பினேன்.

அவள் சீட்டைப் பிரித்துப் பார்த்துச் சிரித்தாள். “வாய்க்கா ஓரம் எனக்கு. ரோடு உனக்குக்கா. நல்லாயிரு.”

அந்தப் பள்ளத்தில்தான் அவள் வீடு கட்டத் தொடங்கினாள். முதல் மழையில் அஸ்திவாரத்துக்குத் தோண்டிய கடைக்கால் குழியின் மண் சரிந்து, உள்ளே நின்றிருந்த அவள் வீட்டுக்காரர் மேல் விழுந்தது. இடுப்பு போய்விட்டது. மாதக்கணக்கில் படுக்கையில் கிடந்தார். நான் போய்ப் பார்க்கும்போதெல்லாம் அவருக்காகத் திருகைத் திருப்பிப் பார்த்தேன். என் கைக்கு அது அசையவே இல்லை. அதற்குமேல் தாங்க முடியாமல் ஒரு மத்தியானம் அவளிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

“இன்னாக்கா சொல்ற? அன்னிக்குக் கோயில்லயா?”

“ஆமாண்டி.”

“அம்மன் காலடியில சீட்டு இருக்கும்போதா?”

ரோட்டோர நிலத்தை அவள் பேருக்கு மாற்றித் தருகிறேன் என்றேன். அவள் டப்பியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நெலம் வாணாம். இத வச்சிட்டுப் போ.”

வைத்துவிட்டு வந்தேன்.

அடுத்த வாரம் அவள் வீட்டுக்காரர் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றார். சந்தோஷப்பட்டேன், அது பொய்யில்லை. அதே வாரம் குளிக்கும்போது என் மார்பில் ஒரு கட்டி தட்டுப்பட்டது. சதை எடுத்து டெஸ்டுக்கு அனுப்பினார்கள். தங்கை பார்க்க வந்தாள்.

“எப்பக்கா ரிசல்ட்டு?”

“வியாழக்கெழம.”

“காலையிலயா, சாயங்காலமா?”

பதினோரு மணிக்கு என்று சொல்லிவிட்டேன். ஏன் சொன்னேன் என்று அவள் போன பிறகுதான் நினைத்தேன்.

வியாழக்கிழமை டாக்டர் சாதாரணக் கட்டிதான் என்றார். வெளியே வந்து செருப்பு மாட்டுவதற்குள் போன் அடித்தது. “நல்லதாத்தான வந்துச்சு? பயப்படாதக்கா, நான் இருக்கேன்ல” என்றாள். நான் இன்னும் யாருக்கும் சொல்லியிருக்கவில்லை.

டப்பியைப் பற்றி நாங்கள் பேசிக்கொள்வதே இல்லை. ஆனால் எதைச் செய்தாலும் முதலில் அவளிடம் சொல்கிறேன். போன மாதம் மகளுக்குப் பிரசவ தேதி கொடுத்தார்கள். அதையும் அவளிடம்தான் முதலில் சொன்னேன். ஒருமுறைக்கு இரண்டுமுறை கேட்டு, காலண்டரில் குறித்துக்கொண்டாள்.