சிவப்பு ரிப்பனும் இருபத்தெட்டு பாட்டில் தண்ணீரும்

அரை அங்குல அகலமுள்ள ஒரு சிவப்பு ரிப்பனை அறுத்தால் போலீஸ் வரும் என்று நான் நம்பினேன். நம்பியபோது எனக்கு முப்பது வயது. இயற்பியலில் பட்டம் வேறு வாங்கியிருந்தேன். அந்தப் பட்டத்தையும் வைத்துக்கொண்டு, ரிப்பன் பக்கம் போகும்போதெல்லாம் செருப்பைக் கழற்றாத குறையாக ஒதுங்கிப் போவேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. அம்பாசமுத்திரத்தில், பஸ் ஸ்டாண்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில், நெல் மூட்டை அடுக்கிய ஒரு பழைய கிட்டங்கியைச் சின்ன அறிவியல் மையமாக மாற்றியிருந்தார்கள். நான் அதன் பொறுப்பாளர். தற்காலிகப் பொறுப்பாளர். பாளையங்கோட்டையில் இருந்த மேலதிகாரி ஒரு வரி எழுதினால் மறுநாள் காலையில் நான் வீட்டில் உட்கார்ந்து முருங்கைக்காய் நறுக்க வேண்டியதுதான்.

உள்ளே நான்கு கூடங்கள். மிதித்தால் விளக்கு எரியும் சைக்கிள் ஒன்றில். ஆளை நீட்டியும் குறுக்கியும் காட்டும் ஆடிகள் இன்னொன்றில். மூன்றாவதில், பொதிகையில் ஊற்றினால் புன்னைக்காயல் வரை ஓடிவரும்படி சிமெண்டில் செய்த தாமிரபரணி. கடைசிக் கூடத்தில் ஒரு நல்ல நுண்ணோக்கி. ஒவ்வொன்றுக்கும் மேலே ‘தொட்டுப் பாருங்கள்’ என்று நானே பலகை எழுதி மாட்டியிருந்தேன்.

முன்வாசலில் ரிப்பன். திறப்பு விழா அன்று காலையில் கட்டியது. பந்தல் போட்டு, நாற்காலி அடுக்கி, நாதசுரம் இரண்டு தடவை வாசித்து முடித்த பிறகு, சிறப்பு விருந்தினர் வரவில்லை என்று போன் வந்தது.

“ரிப்பன அவுத்துராதேயும். அடுத்த வாரமே தேதி தாராவ” என்றார் மேலதிகாரி.

அடுத்த வாரம் என்பது அடுத்த மாதமாயிற்று. அதற்குள் விருந்தினருக்குப் பதவி போயிற்று. சுவரில் பதித்திருந்த கல்வெட்டில் அவர் பெயர் இருந்த இடத்தை மட்டும் உளியால் செதுக்கி எடுத்தார்கள். ‘அவர்களால் திறந்து வைக்கப்பட்டது’ என்பது மட்டும் மிஞ்சியது. எவர்களால் என்று கேட்க ஆளில்லை. புது விருந்தினரைத் தேடிக்கொண்டிருக்கும்போதே தேர்தல் அறிவித்துவிட்டார்கள். நடத்தை விதி வந்துவிட்டது, இனி யாரும் எதையும் திறந்து வைக்கக் கூடாது.

நான் போனில் கெஞ்சிப் பார்த்தேன். “சார், விழா வேண்டாம். கதவ மட்டும் திறந்துட்டா என்ன சார்? பிள்ளைய பாத்துட்டுப் போவட்டுமே.”

“விழா நடக்காத வரைக்கும் அது அறிவியல் மையமில்ல வே, கிட்டங்கி. கிட்டங்கிக்குள்ள எவனாவது பிள்ளையள விடுவானா? தேர்தல் நேரம். ஒருத்தன் உள்ள போனாம்னு புகார் வந்துச்சுன்னா, முதல்ல உம்ம தல உருளும். அடுத்தாப்ல எந் தல.”

இன்று நினைத்தாலும் பற்றிக்கொண்டு வருகிறது. செய்து முடித்த பொருள்கள் மாதக்கணக்கில் பிளாஸ்டிக் உறைக்குள் கிடந்தன. ‘தொட்டுப் பாருங்கள்’ பலகைக்கும் ஓர் உறை. பலகையை மதித்துத் தொட்டுப் பார்த்தவை பல்லிகள் மட்டுமே. நாங்கள் வாய்க்கால் பக்கத்துப் பின்வாசலால் நுழைந்து, தூசி தட்டி, மறுபடி மூடி, அதே வழியில் வெளியேறுவோம். யாரோ ஒருவர் வந்து கத்தரிக்காத வரையில் ஊரார் தங்கள் சொந்த ஆற்றின் மாதிரியைக்கூடப் பார்க்கக் கூடாது என்பது எந்த ஊர் நியாயம்? ஆனால் ரிப்பனுக்கு மட்டும் ராஜ உபசாரம். வாட்ச்மேன் அண்ணாச்சி வெள்ளிக்கிழமைதோறும் ஈரத்துணியால் அதைத் துடைப்பார். அதை வெட்ட வேண்டிய கத்தரிக்கோல் பீரோவில், தாம்பாளத்தில், பட்டுத்துணிமேல் பள்ளி கொண்டிருந்தது. ஒருநாள் அண்ணாச்சி அதை எடுத்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார். நான் பதறிய பதற்றத்தில் அவர் விரலையே வெட்டிக்கொண்டார்.

இந்த நிலைமையில்தான் களக்காட்டுப் பக்கத்து ஆரம்பப் பள்ளியிலிருந்து ஒரு டீச்சர் கார்டு போட்டார். ஐந்தாம் வகுப்பைக் கூட்டிக்கொண்டு வரலாமா என்று கேட்டிருந்தார். ‘திறப்பு விழாவுக்குப் பின் வரவும்’ என்று பதில் எழுதினேன். இரண்டாவது கார்டுக்கும் அதே பதில். மூன்றாவது முறை கார்டு வரவில்லை, டீச்சரே வந்து நின்றார்.

“உள்ள ஜாமானெல்லாம் இருக்கா, இல்லியா சார்?”

“இருக்கு டீச்சர். விழாதான் இன்னும்…”

“விழா விழான்னு எழுதுதீய. ஏப்ரலோட எம் பிள்ளைய அஞ்சாப்பு முடிச்சிரும். எங்க பள்ளிக்கூடத்துல அதுக்கு மேல கிடையாது. பயலுவ டவுனு பள்ளிக்கூடத்துக்குப் போவானுவ. பொட்டப் பிள்ளையள்ல பாதி பீடித் தட்டோட உக்காந்துரும். அதுக்குப் பொறவு உங்க விழாவுக்கு நான் யாரக் கூட்டிட்டு வர?”

எனக்குள் திடீரென்று ஒரு வீரன் முழித்துக்கொண்டான். அவன் அதிகநேரம் தங்குகிறவனில்லை. இருந்தாலும் அன்று அவன்தான் பேசினான்: “செவ்வாக்கிழமை வாங்க டீச்சர். பின்வாசல் வழியா வந்துருங்க. பிள்ளையள ஆளுக்கொரு பாட்டில்ல அவங்கவங்க வீட்டுப் பக்கத்துத் தண்ணி கொண்டுவரச் சொல்லுங்க. அதுக்குள்ள என்ன இருக்குன்னு கண்ணால காட்டுதேன்.”

செவ்வாய்க்கிழமை இரண்டு பஸ் மாறி, வாய்க்கால் கரையில் வரிசையாக வந்தார்கள், இருபத்தெட்டுப் பேர். கையில் டானிக் பாட்டில், ஊறுகாய் பாட்டில், தைல பாட்டில். வாயில் துணி கட்டி, மேலே தாள் ஒட்டி எழுதியிருந்தார்கள்: ‘பெரிய குளம்’, ‘வாய்க்கால்’, ‘கோயில் கிணறு’. ஒன்றில் ‘எங்க ஆடு குடிக்கிற தண்ணி’.

“சார், இதுல பூச்சி தெரியுமா?”

“தெரியும்லா.”

“என் பாட்டில்லதான் நெறய இருக்கும். எங்க குளத்துல எரும குளிக்கும்.”

“ஏலே, எங்க குளத்துல பத்து எரும குளிக்கும்.”

சைக்கிளை மிதித்தார்கள், விளக்கு எரிந்தது. ஆடிகளில் டீச்சரைக் குட்டையாகப் பார்த்துவிட்டு, டீச்சருக்குத் தெரியாமல் சிரித்தார்கள். அடுத்த கூடத்தில் தாமிரபரணியைத் தொட்டார்கள். கடைசிக் கூடத்தில் நுண்ணோக்கி மேசைமேல் இருபத்தெட்டு பாட்டில்களையும் வரிசையாக வைத்தார்கள். அந்தக் கூடத்துக்கு வரத்தான் எல்லோரும் மற்றவற்றில் அவசரப்பட்டார்கள் என்பது எனக்கு அப்போதுதான் புரிந்தது.

பெரிய குளத்திலிருந்து ஒரு சொட்டு எடுத்துக் கண்ணாடிச் சில்லில் விட்டேன். அந்தக் குளத்துக்காரப் பெண் ஒரு கண்ணைக் கையால் பொத்திக்கொண்டு குனிந்தாள்.

“ஒண்ணும் தெரியல சார். பொகையா இருக்கு.”

“பொறு தாயி, இத இன்னும் திருகணும்” என்று நான் கையை வைக்கவும், வாட்ச்மேன் அண்ணாச்சி ஓடிவரவும் சரியாக இருந்தது.

“சார், ஜீப்பு! கண்ணாடில தேர்தல் அவசரம்னு பேப்பரு ஒட்டிருக்கு! நேரா நம்ம வாசலுக்குத்தான் வாரான்!”

வீரன் அந்த நொடியே பின்வாசலால் போய்விட்டான். மிஞ்சியவன் என்ன செய்தான் என்பதைச் சொல்லவே கூசுகிறது. அந்தப் பெண்ணின் தலை இன்னும் குனிந்திருக்கும்போதே நுண்ணோக்கியை இழுத்து உறையை மாட்டினேன். விளக்கை அணைத்தேன். இரண்டு கையையும் விரித்து, கோழி விரட்டுவதுபோலப் பிள்ளைகளை வெளியே விரட்டினேன்.

“நாங்க என்ன களவாங்கவா சார் வந்தோம்?” என்றார் டீச்சர்.

“சத்தம் போடாதீய டீச்சர், எனக்கு வேல போயிரும். வாய்க்கால் கரையோட பைய போயிருங்க. இன்னொரு நாளு கண்டிப்பா…”

“எந்த நாளு?”

டீச்சர் பிள்ளைகளை எண்ணினார், நடந்தார். ஒரு குரல் மட்டும் கேட்டது: “டீச்சர், பாட்டில விட்டுட்டு வந்துட்டோம்.”

முன்வாசலுக்குப் போக ஆடிக் கூடத்தைத் தாண்ட வேண்டும். ஒன்றில் நான் பனை உயரத்துக்கு நடுங்கினேன், இன்னொன்றில் அண்டா அகலத்துக்கு வேர்த்தேன், குழியாடியில் தலைகீழாகத் தொங்கினேன். அதுதான் உள்ளதைக் காட்டியது. ‘மராமத்து வேலை நடக்கிறது ஐயா’ என்ற பொய்யை மனப்பாடம் செய்துகொண்டே கதவைத் திறந்தேன்.

ஜீப்பில் அதிகாரி எவரும் இல்லை. டிரைவர் ஒருவர்தான். ரிப்பனை ஒரு விரலால் தூக்கி, குனிந்து, உள்ளே வந்தார்.

“அண்ணாச்சி, ஒரு வாளி தண்ணி கிடைக்குமா? வண்டி கொதிக்கி.”

வாட்ச்மேன் அண்ணாச்சி என்னைப் பார்த்தார். இதுவரை என்னை ‘சார்’ என்று மட்டுமே அழைத்தவர். “போயி எடுத்துக் குடும் வே” என்றார்.

வாளியை டிரைவர் கையில் கொடுத்துவிட்டு நான் வாய்க்கால் கரையில் ஓடினேன். பஸ் ஸ்டாண்டில் களக்காட்டுப் பக்கம் போகிற பஸ் கிளம்பியிருந்தது.

அன்று மத்தியானம் இருபத்தெட்டு பாட்டில்களையும் நான் ஒருவனே பார்த்தேன். ஆடு குடிக்கிற தண்ணீரில்தான் உயிர்கள் அதிகம்.

தேர்தல் முடிந்தது. புது விருந்தினரும் வரவில்லை. ஐப்பசி மழையில் ரிப்பன் மக்கி ஒரு பக்கம் அறுந்து தொங்கியது. பெருக்குகிற அக்கா அதைக் குப்பையோடு அள்ளிக் கொட்டினார். மறுநாள் நான் முன்கதவைத் திறந்து வைத்தேன். போலீஸ் வரவில்லை. மேலதிகாரி அடுத்த மாதம் வந்தார், திறந்த கதவு வழியாகவே உள்ளே வந்து, திறந்த கதவு வழியாகவே போனார், ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மையம் திறந்துவிட்டது, பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வரலாம் என்று டீச்சருக்குக் கார்டு போட்டேன். அந்தப் பிள்ளைகள் இப்போது தன் பள்ளியில் இல்லை என்று ஒரே வரியில் பதில் வந்தது.